பதினொன்றாவது தடவை

"டெல்மர், என்னடா மூஞ்சியைத் தொங்கப்போட்டிருக்கே? கிதாருக்குச் சுருதி சேர்த்தாச்சா, இல்ல இன்னைக்கும் ஆடு கத்துற மாதிரிதானா?"

ஹெட்போனுக்குள் ரூஃபஸின் கரகரத்த குரல் சிரித்தது. டெல்மரும் சிரித்தான். "சீக்கிரம் முடிடா, மீன் கடையில கூட்டம் சேர்ந்துடும்" என்று சொல்லிவிட்டு, ரூஃபஸ் டிரம்ஸ் குச்சிகளைத் தட்டி ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு என்று எண்ணினான். பாட்டு கிளம்பியது.

நாலாவது நிமிடத்தில் டெல்மரின் தனி ஆவர்த்தனம். நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. நடுவில் ஒரு சுரம் சறுக்கியது.

"நிறுத்து" என்றார் ஸ்டுடியோக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்த குழுத் தலைவர்.

இரண்டு வருஷம் முன்புவரை அவர் பெயர் ஜெரால்ட் பிங்கம். சிகாகோவில் கல்யாண விருந்துகளில் பியானோ வாசித்தவர். நியூயார்க்கில் ஓர் இந்திய குருவின் காலில் விழுந்து எழுந்தபோது பரமஜோதி ஆகிவிட்டார். வெள்ளைச் சட்டை, வெள்ளைக் கால்சட்டை, வெள்ளைச் செருப்பு. ஜாஸையும் ராக்கையும் கலந்து அவர் தொடங்கிய குழுவுக்கு 'ஏழாம் வாசல்' என்று பெயர். மற்ற ஆறும் எங்கே என்று யாரும் கேட்பதில்லை. கேட்டால் சொல்லத் தொடங்கிவிடுவார்.

"தப்பினது சுரம் இல்ல, டெல்மர். உன் அகங்காரம் வெளியே வருது."

"சரிங்க சாமி. உள்ளே போகச் சொல்றேன்."

ஒலிப்பதிவாளர் ஹெர்ஷல் பற்றவைக்காத சுருட்டை வாயின் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் தள்ளினார். "சாமி, அந்த ஊதுபத்தியை அணைச்சா புண்ணியமாப் போகும். புகை மெஷினுக்கு ஆகாது."

"அது இந்த அறையைச் சுத்தம் பண்ணுது, ஹெர்ஷல்."

"அறை சுத்தமாயிடும். மெஷின்தான் இருமுது."

அடுத்த தடவையும் தப்பியது. அதற்கடுத்த தடவையும். ஒவ்வொரு தடவையும் ஒவ்வோர் இடத்தில்.

"ஏம்ப்பா, உன் பங்கு நாலாவது நிமிஷத்துலதானே?" என்றார் ஹெர்ஷல். "அங்கிருந்தே எடுத்துக்கலாமே. எல்லாருக்கும் நேரம் மிச்சம்."

"வேணாம். ரூஃபஸ் எண்ணுறதிலிருந்தே வரட்டும். அப்பத்தான் எனக்குக் கை வரும்."

ஹெர்ஷல் நாடாவை ஆரம்பத்துக்கே சுற்றினார். மூலையில் டிரம்ஸ் அறையின் கதவு சாத்தியிருந்தது. ரூஃபஸ் மறுபடி ஆட்டைப் பற்றிச் சொன்னான். டெல்மர் ஆறாவது தடவையும் சிரித்தான். ஏழாவது தடவையும். பதினாலு வருஷப் பழக்கம். மாதாகோவில் பாட்டுக்குழுவில் ஆரம்பித்தது. கிண்டல் பண்ணாமல் ரூஃபஸ் அவனிடம் ஒரு நாளும் பேசியதில்லை.

பத்தாவது தடவையும் தப்பியபோது பரமஜோதியின் சாந்தம் கலைந்தது.

"மூணு மணிக்கு இந்த ஸ்டுடியோ வேற ஆளுக்கு. இன்னும் ஒரே ஒரு தடவைதான். தப்பினா அந்த இடத்தை நானே சின்தசைசர்ல நிரப்பிடுவேன். அதுதான் விதின்னு நினைச்சுக்கோ."

விதிக்கும் சின்தசைசருக்கும் எப்போதுமே நல்ல உறவு. அந்த ஆல்பத்தில் அவருடைய சின்தசைசர் பெட்டி ஏற்கெனவே பதினெட்டு நிமிடம் ஊளையிட்டிருந்தது. டெல்மருக்கு இருந்தது இந்த ஒன்றரை நிமிடம்தான். ரூஃபஸின் தாளமும் அவன் கிதாரும் மட்டும் தனியாக இருக்கும் ஒரே இடம்.

"சாமி, அங்கே மட்டும் கை வைக்காதீங்க" என்றான். "ஒழுங்கா வாசிச்சுடுறேன்."

வாசித்தான். ரூஃபஸ் கீழிருந்து தூக்கிவிட்டான். டெல்மர் மேலே போனான். ரூஃபஸ் வேண்டுமென்றே ஒரு அடியை விட்டுப் பிடித்தான். டெல்மர் அந்த இடைவெளியில் ஒரே ஒரு சுரத்தை வைத்துவிட்டுக் காத்திருந்தான். ஹெர்ஷல் சுருட்டைக் கையில் எடுத்துக்கொண்டார்.

பாட்டு முடிந்தது. பரமஜோதி கண்ணைத் திறந்தார்.

"பார்த்தியா? பத்துத் தடவை நான் எடுத்துச் சொன்னதுக்குப் பலன். ஹெர்ஷல், ஆரம்பத்துல கிடக்கிற அந்த வெட்டிப் பேச்சை எல்லாம் நறுக்கித் தூரப் போடு. பாட்டு மௌனத்திலிருந்து பிறக்கணும்."

ஹெர்ஷல் இழுப்பறையைத் திறந்து நாடா வெட்டும் பிளேடை எடுத்தார். கண்ணாடி வழியே பார்த்தார். டெல்மர் இன்னும் ஹெட்போனைக் கழற்றவில்லை. பிளேடையே பார்த்துக்கொண்டு நின்றான்.

ஹெர்ஷல் ஹெட்போனில் அவனுக்கு மட்டும் கேட்கும் பொத்தானை அழுத்தி, மெல்லப் பேசினார். "டெல்மர், எனக்குத் தெரிஞ்சு நீ எதையும் ரெண்டு தடவைக்கு மேல வாசிச்சதில்லையே."

டெல்மர் குனிந்து கிதார்க் கம்பியைத் துடைத்தான்.

ஹெர்ஷல் பிளேடை இழுப்பறையில் திரும்பப் போட்டு மூடினார்.

"சாமி, தப்பு நடந்துபோச்சு. அவன் மேல இல்ல, என் மேல. இப்ப வாசிச்சது பதிவாகல. இன்னொரு தடவை எடுத்தாகணும்."

"என்னது? இருபது வருஷமா ஒரு தப்பும் பண்ணினதில்லைன்னு மார் தட்டுவியே?"

"வயசாகுதே, சாமி."

ஹெர்ஷல் அந்த வாசிப்பைப் பத்திரமாக ஒதுக்கிவிட்டு, நாடாவில் வேறொரு தடத்துக்கு மாற்றுவதை டெல்மர் கண்ணாடி வழியே பார்த்தான். ரூஃபஸ் ஏற்கெனவே வாசித்து வைத்திருந்த நாடா விர்ரென்று பின்னோக்கிச் சுற்றி, ஆரம்பத்தில் போய் நின்றது.

டெல்மர் ஹெட்போனை இரண்டு கையாலும் காதோடு சேர்த்து அழுத்திக்கொண்டான். முந்தாநாள் நியூவார்க்கில் மண்ணுக்குள் இறக்கிவிட்டு வந்த ரூஃபஸ், தொண்டையைச் செருமிக்கொண்டு, அவனிடம் பேச ஆரம்பித்தான்.