ஆமையை வென்ற கீரி

அந்தக் காட்டில் சதுரங்கத்தில் கிராண்ட்மாஸ்டர் ஆனது ஆமை மட்டும்தான். வாங்கிய கோப்பைகளை வைக்க வீட்டில் இடமில்லை. ஆமையைப் பார்க்க வந்த மைனா, "உங்களால் மறக்கவே முடியாத ஆட்டம் எது?" என்று கேட்டது.

"கீரியிடம் தோற்றேனே, அதுதான்" என்ற ஆமை, பலகையை விரித்து ஒவ்வொரு காயாக நகர்த்திக் காட்டியது. "இந்த இடத்தில் நான் குதிரையை எடுத்திருக்கக் கூடாது. இன்றைக்கும் இதை ஒருமுறை ஆடிப் பார்க்காமல் எனக்குத் தூக்கம் வராது."

ஆமையையே வென்ற கீரியைப் பார்க்க மைனாவுக்கு ஆவலாகிவிட்டது. தேடிக்கொண்டு பறந்தது. ஆற்றங்கரையில் கீரி அந்த வெற்றியைத்தான் ஒரு தவளையிடம் சொல்லிக்கொண்டிருந்தது.

"அதற்கப்புறம் யாரையெல்லாம் ஜெயித்தீர்கள்?" என்று கேட்டது மைனா.

"அதற்கப்புறம் நான் ஆடவே இல்லையே" என்றது கீரி. "தோற்றுத் தொலைத்தால் இதை எப்படிச் சொல்லிக்கொள்வது?"