பதினொன்றே முக்கால்

போலீஸ் பறிமுதல் செய்த செல்வினின் மடிக்கணினியில், நிரல்கள் இயங்கத் துணையாக இருக்கும் நானூறு லைப்ரரி கோப்புகளை, அளவும் பதிப்பும் உருவான நேரமும் பார்த்து நல்லது, திருட்டு நிரல் ஒளிந்த கெட்டது என்று பிரிப்பது காவல் நிலையத்தின் கணினி ஆள் மாசிலாமணியின் வேலை. சுவருக்கு அந்தப் பக்கம் செல்வினை அடித்துக்கொண்டிருந்தார்கள். ஒவ்வொரு அடிக்கும் மேசையிலிருந்த டம்ளரில் டீ அதிர்ந்தது.

கெட்டது ஒன்றே ஒன்று சிக்குவதற்குள் மூன்று லத்திகள் முறிந்திருந்தன. அதைத் திறந்து பார்த்ததும் மாசிலாமணி எழுந்துவிட்டார்.

“அடிக்கிறத நிறுத்தச் சொல்லுங்க சார். அவன நேத்தே பிடிச்சிட்டு வந்தாச்சு. இந்த ஃபைல் இன்னிக்குக் காலைல பதினொன்னே முக்காலுக்குத்தான் உருவாகியிருக்கு.”

“எந்த மிஷின்ல செஞ்சதுன்னும் அதுல இருக்குமே,” என்றார் ஆய்வாளர்.

இருந்தது. நிலையத்தில் மாசிலாமணி வேலை செய்யும் மேசைக் கணினியில் வெள்ளைப் பெயிண்டால் எழுதியிருந்த அதே எண். பதினொன்றரைக்கு, ‘போய் டீ குடிச்சிட்டு வா’ என்று அவரை அனுப்பியதே ஆய்வாளர்தான்.

சுவருக்கு அந்தப் பக்கம் சத்தம் நின்றது.

“ஒண்ணு, தேதிய மாத்து. இல்ல, அது நீ செஞ்சதுன்னு எழுதிக் கொடு. அவன உக்கார வச்சிருந்த நாற்காலியக் கழுவச் சொல்லியிருக்கேன். காயுறதுக்குள்ள சொல்லு.”

பக்கத்து அறையில் வாளித் தண்ணீர் தரையில் அறைந்தது. டீ மறுபடி அதிர்ந்தது. இந்த முறை டம்ளர் மாசிலாமணியின் கையில் இருந்தது.