தடுமாறாத நான்கு வரிகள்

எபினேசர் பத்து வருடமாக ஹிப்-ஹாப் பாட்காஸ்ட் நடத்துகிறார். மெஷின் குரல்கள் ராப்பர்களின் பெயரில் பேட்டி கொடுக்கத் தொடங்கிய பிறகு, அவர் யாரையும் லேசில் நம்புவதில்லை. லைனில் வந்ததுமே எதிர்பாராத ஒரு சொல்லைக் கொடுத்து, அந்த நொடியிலேயே ராப் பண்ணச் சொல்வார். மனுஷன் என்றால் எங்காவது தடுமாறுவான், மெஷின் தடுமாறாது.

அன்று புளியந்தோப்பு ராப்பர் ரெஹானாவுக்கு "கொசுவலை" என்ற சொல்லைக் கொடுத்தார். இரண்டு வரி வெளுத்து வாங்கியவள், மூன்றாவதில் மாட்டிக்கொண்டு, "ஐயோ, போச்சு!" என்று சிரித்தாள்.

"சரிம்மா, நீ மனுஷிதான். ஆரம்பிக்கலாமா?"

"இருண்ணா. நீ யாருன்னு எனக்கு எப்டித் தெரியும்? 'சாவி'. எங்க, பாடு பாப்போம்."

இதுவரை அவரை யாரும் இப்படிக் கேட்டதில்லை. அவர் ராப் பண்ணியதும் இல்லை. கேள்வி கேட்பதோடு சரி. தயங்கித் தயங்கித்தான் வாயைத் திறந்தார். பத்து வருடம் காதில் விழுந்ததெல்லாம் நான்கு வரிகளாக, எதுகை பிசகாமல் கொட்டியது. அவருக்கே புல்லரித்தது.

"எப்டி?" என்றார் பெருமையாக.



"ஒரு எடத்துலகூட திக்கலியே நீ," என்று சொல்லிவிட்டு ரெஹானா லைனைத் துண்டித்தாள்.