உங்களுக்கு என்ன வேணும்?

"வரிசையில நிக்கிறீங்களா, இல்ல சும்மா வேடிக்கை பார்க்கிறீங்களா?"

கேட்டவர் பஸ் கண்டக்டர். தோளில் பை, கையில் மூன்று மேட்ச் டிக்கெட். தையற்காரர் திடுக்கிட்டு முன்னால் நகர்ந்தார். இடையில் நாலு பேர் தாராளமாக நிற்கலாம், அவ்வளவு இடம் விட்டிருந்தார்.

"நிக்கிறேங்க. முட்டி வலி. சட்டுனு நகர முடியல."

மிஷினை மிதித்து மிதித்து வந்த வலி. கடையைப் பாதியில் சாத்திவிட்டு வந்ததில் அளவு நாடா கழுத்திலேயே தொங்கியது. மூக்குக் கண்ணாடி வெட்டுத் துணிகளுக்கு நடுவே கிடந்துபோயிற்று. தெரிந்தவர் யாரும் பார்ப்பதற்குள் காரியத்தை முடித்துக்கொண்டு ஓடிவிட வேண்டும் என்பதுதான் அவர் கவலையெல்லாம்.

கால்பந்தில் மூன்று இறுதி ஆட்டங்கள். இரண்டில் ஜெயிப்பவர்களுக்குக் கோப்பை. உள்ளூர் அணி முதல் இரண்டிலுமே மண்ணைக் கவ்வியதால், மூன்றாவது ஆட்டம் நடக்காமலே போயிற்று. அந்த டிக்கெட்டுக்குப் பணம் திருப்பித் தர இன்றுதான் கடைசி நாள்.

கவுண்டர் பெண்ணுக்கு வாய் வலித்திருக்கும். வருகிறவர்களிடமெல்லாம் ஒரே கேள்வி.

"உங்களுக்கு என்ன வேணும்? பணமா, அடுத்த வருஷ டிக்கெட்டா?"

"பணம்தாம்மா! அடுத்த வருஷமும் இந்தக் கண்றாவியைப் பார்க்கணுமா?" என்றார் முதல் ஆள். வரிசையே சிரித்தது.

"ரெண்டு காசுக்காக வந்து நிக்கிறது எனக்கே வெட்கமா இருக்குங்க," என்றார் தையற்காரர், யாரும் கேட்காமலே. "பையன் சொந்தச் சம்பளத்துல எனக்கும் அவன் அம்மாவுக்கும் வாங்கி வெச்சது. கவரைக்கூடப் பிரிக்கல. அவன் காசை அவன் கையில குடுத்துட்டா எனக்கு நிம்மதி."

"அவனை அனுப்ப வேண்டியதுதானே? முட்டி வலியோட நீங்க ஏன் லோல்படுறீங்க?"

"மூணு நாளா அறையை விட்டே வெளிய வரலை. சாப்பாட்டுத் தட்டு போனபடியே திரும்பி வருது."

"தோத்த துக்கமா?"

தையற்காரர் தலையை மட்டும் ஆட்டினார்.

"பாருங்க! அந்த ஒரு கோல்கீப்பரால எத்தனை வீட்ல சோறு இறங்கலை!" கண்டக்டருக்குச் சூடு ஏறியது. "கடைசி நிமிஷம். உருண்டு வர்ற பந்து. என் மூணு வயசுப் பேத்தி பிடிச்சிருப்பா. பிடிச்சவன் அப்படியே நழுவ விட்டானே! கையில எண்ணெயைத் தடவிட்டு வந்தானா?"

"காசு வாங்கியிருப்பான்," என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

"சேச்சே, காசு குடுத்திருந்தா அதையும் நழுவ விட்டிருப்பான்!"

மறுபடியும் சிரிப்பு. தையற்காரர் தரையைப் பார்த்தார். கண்டக்டர் அவரை மேலும் கீழும் பார்த்தார்.

"என்னங்க, நீங்க மட்டும் வாயே திறக்க மாட்டேங்கிறீங்க? ஜெயிச்ச ஊர்க் கட்சியா?"

இரண்டு மூன்று பேர் திரும்பிப் பார்த்தார்கள். தையற்காரருக்குக் காது சுட்டது. ஏதாவது சொல்லித் தொலைத்தால் விடுவார்கள்.

"அவன் கையில ஓட்டை இருக்குங்க," என்றார் உரக்க. "என்கிட்ட அனுப்புங்க, ரெண்டு தையல் போட்டு அனுப்புறேன்!"

வரிசை குலுங்கியது. கண்டக்டர் அவர் முதுகில் தட்டி, "அப்படிப் போடுங்க!" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார். ஜோக் ஒவ்வொரு வாயாக முன்னால் போய், கவுண்டர் பெண்ணும் கேட்டுவிட்டுச் சிரித்தாள். தையற்காரரும் கூடச் சேர்ந்து சிரித்தார். சிரித்து முடித்ததும் கவரை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார். கவுண்டர் ஜன்னல் வந்தது.

"தையல் போடுறவர் நீங்கதானா?" என்றாள் அவள். "உங்களுக்கு என்ன வேணும்? பணமா, அடுத்த வருஷ டிக்கெட்டா?"

"பணம்," என்று கவரை நீட்டினார்.

அவளே பிரித்து, இரண்டு டிக்கெட்டையும் வெளியே எடுத்தாள். முன்னால் பார்த்தாள், திருப்பிப் பின்னால் பார்த்தாள்.

"ஐயா, இதுக்குப் பணம் வராதுங்களே. இது காசுக்கு வித்தது இல்ல."

"என்னம்மா சொல்றே? என் பையன் வாங்கினது."

"இல்லைங்க. ஆடுறவங்க வீட்டு ஆளுங்களுக்குன்னு கிளப்ல சும்மா குடுக்கிறது. பின்னாடி முத்திரை இருக்கு பாருங்க, ஒண்ணாம் நம்பர் சட்டை."

தையற்காரர் கண்ணை இடுக்கிப் பார்த்தார். கண்ணாடி இல்லாமல் எல்லாம் கலங்கலாகத்தான் தெரிந்தது.

"பேனாவால வேற ஏதோ எழுதியிருக்கு," என்று அவள் வாசித்தாள். "'அப்பா, உங்களுக்கு ஓர சீட் கேட்டு வாங்கியிருக்கேன். முட்டியை நீட்டி உட்காரலாம்.'"

பின்னால் கண்டக்டரின் சிரிப்பு பாதியில் நின்றது. அவள் நிமிர்ந்து பார்த்தாள்.

"ஒண்ணாம் நம்பர்னா கோல்கீப்பர் ஆச்சே. அவர் உங்களுக்கு என்ன வேணும்?"

வரிசை முழுக்கக் கேட்கும்படி ஜோக் அடித்த அதே வாய், இப்போது அவளுக்கே சரியாகக் கேட்காதபடி, "ஒண்ணும் வேணாம்மா," என்றது.