நீலமாகாத உருளைக்கிழங்கு

"எல்லாரும் கிட்ட வந்து பாருங்க" என்றார் ஊர்த்தலைவர் இம்போடன்.

ஆல்ப்ஸ் மலையில் ஓபர்மாட் கிராமம். உப்பு விற்கும் உரிமை அங்கே அவர் ஒருவருக்குத்தான். ஞாயிறு பூசை முடிந்து, உப்பு வாங்க வந்த பெண்கள் கடையை அடைத்துக்கொண்டு நின்றார்கள்.

உருளைக்கிழங்கை இரண்டாக வெட்டினார். ஒரு பாதியில் தன் உப்பைத் தூவினார். பக்கத்தில் நின்ற ஊர் டாக்டர் ருப்பனின் பைக்குள்ளிருந்தே அயோடின் புட்டியை எடுத்து, மறு பாதியில் ஒரு சொட்டு விட்டார்.

மருந்து பட்ட பாதி கருநீலமானது. உப்பு பட்டது அப்படியே வெள்ளையாக இருந்தது.

"இது என் உப்பு. அது, டாக்டர் உங்க உப்புல கலக்கச் சொல்ற சரக்கு. கிழங்குக்கே இந்தக் கதின்னா உங்க குடல் என்ன ஆகும்?"

பெண்கள் சிலுவை போட்டுக்கொண்டார்கள்.

"தலைவரே, அது காயத்துக்குப் போடற மருந்து" என்றார் டாக்டர். "கலந்த உப்பைத் தூவினா உருளைக்கிழங்கு..."

"அது கிடக்கட்டும். இந்த அயோடினை எதிலேருந்து எடுத்தாங்க? அதைச் சொல்லுங்க."

"கடற்பாசிச் சாம்பல்லேருந்து. நூறு வருஷத்துக்கு முன்னாடி ஒருத்தர் அந்தச் சாம்பல்ல வெடிமருந்துக்கு வெடியுப்பு காய்ச்சும்போது ஊதா நிறத்துல ஆவி கிளம்பிச்சு. அதனால ஊதான்னு அர்த்தம் வர்ற பேரையே வச்சாங்க."

"கேட்டீங்களா? கடலைக் கண்ணால பாக்காத ஊருக்குக் கடற்பாசிச் சாம்பல்."

சிரிப்பு அடங்க நேரமாயிற்று.

"பாக்காத ஊருக்குத்தான் வேணும்கிறேன். இங்க மண்ணுலயும் தண்ணியிலயும் அது இல்லை. அதான் கழுத்து வீங்குது, பிறக்கிற பிள்ளைக்குக் காது கேக்காமப் போகுது" என்றார் டாக்டர். இரண்டு வருடமாக ஞாயிறுதோறும் சொல்லும் பேச்சு. அவருக்கே சலித்துவிட்டது.

"எங்கம்மாவுக்கும் கழுத்துக் கழலை இருந்தது. எண்பது வயசு வரைக்கும் பால் கறந்தா" என்றாள் வெரேனா. ஆறு மாதக் கர்ப்பிணி. கழுத்து வீக்கத்தைத் துணியால் சுற்றி மறைத்திருந்தாள். "எனக்கு உங்க சாதா உப்பே போதும் தலைவரே."

அவள் பாவாடையைப் பிடித்துக்கொண்டு நாலு வயது மகள் நின்றாள். பிறவியிலேயே காது கேட்காது, பேச்சும் இல்லை. எல்லோரும் சிரிப்பதைப் பார்த்துத் தானும் சிரித்தது அந்தப் பெண்.

"வெரேனா, ரெண்டாவது குழந்தைக்காவது..."

"வாயைக் கழுவுங்க டாக்டர்."

டாக்டர் புட்டியைப் பையில் போட்டுக்கொண்டு வெளியே வந்தார்.

அயோடின் உப்பு வேண்டுமா என்று ஊர் ஆண்கள் கோயில் முற்றத்தில் கூடி வாக்களித்தது இரண்டு வருடம் முன்பு. வேண்டாம் என்று முதலில் உயர்ந்த கை இம்போடனுடையது. அது உயர்ந்ததும் மற்ற கைகளும் உயர்ந்தன. கை தூக்க மட்டும் அந்த ஊரில் யாருக்கும் சோம்பல் கிடையாது.

டாக்டரின் கோட்டுப் பையில் மாற்றல் கேட்டு எழுதிய கடிதம் இருந்தது. நாளைக்குப் பள்ளிக்கூடத்தில் கடைசியாக ஒருமுறை பிள்ளைகளின் கழுத்தை அளந்துவிட்டு அதைத் தபாலில் சேர்த்துவிடுவார். இந்த முட்டாளோடு இனி மல்லுக்கட்ட அவருக்குத் தெம்பில்லை.

திங்கட்கிழமை முப்பத்தெட்டுப் பிள்ளைகளை வரிசையில் நிறுத்தினார். இரண்டு வருடம் முன்பு அதே பள்ளியில் இருபத்தேழு பேருக்குக் கழுத்தில் வீக்கம் இருந்தது.

இன்று பதினொன்று.

மறுபடியும் அளந்தார். நாடாவில் கோளாறோ என்று தன் கழுத்திலேயே சுற்றிப் பார்த்தார். நாடா சரியாகத்தான் இருந்தது.

நேரே உப்புக்கடைக்கு நடந்தார். முன்கதவு சாத்தியிருக்கவே, கொல்லைப்பக்கம் போனார்.

இம்போடன் ஒரு மூட்டையை உப்புப் பெட்டியில் கவிழ்த்துக்கொண்டிருந்தார். காலியான மூட்டையை உள்புறம் வெளியே வரும்படி திருப்பினார். அதற்குள் அதன் மேல் இருந்த சிவப்புக் கோடு டாக்டரின் கண்ணில் பட்டுவிட்டது. கீழூர்க் கிடங்கில் அயோடின் கலந்த உப்புக்கு மட்டும் போடும் கோடு அது.

"கதவைச் சாத்துங்க டாக்டர்" என்றார் இம்போடன், திரும்பாமலே.

"எப்போலேருந்து?"

"ஓட்டெடுப்பு முடிஞ்ச மறுவாரத்துலேருந்து."

"முதல்ல கை தூக்கினதே நீங்கதானே?"

"நான் தூக்கலேன்னா உப்பு உரிமையை இன்னொருத்தனுக்குக் கொடுத்திருப்பாங்க. அவன் நிஜமாவே சாதா உப்பு வித்திருப்பான்."

"இது ஏமாத்து வேலை தலைவரே."

"ஆமா, ஏமாத்துதான். சாமியார்கிட்ட பாவசங்கீர்த்தனத்துல கூட இதை இன்னும் சொல்லலை." இம்போடன் மூட்டை மேல் உட்கார்ந்தார். "ஆம்பளைங்க நாங்க கை தூக்கிட்டோம். வெரேனாவுக்கே ஓட்டு கிடையாது. அவ வயித்துல இருக்கிறதுக்கு ஏது? அவ மூத்த பொண்ணுக்கு நான் ஞானத்தகப்பன். அவளுக்குப் பேர் வச்சதே நான்தான். அந்தப் பேரைச் சொல்லி நாலு வருஷமா கூப்பிடறேன், ஒரு தடவை கூடத் திரும்பிப் பாத்ததில்லை."

டாக்டர் பக்கத்து மூட்டையில் உட்கார்ந்துவிட்டார்.

"அப்ப நேத்து அந்த உருளைக்கிழங்கு?"

"கலந்த உப்பைத் தூவினா நிறம் மாறாதுன்னு நீங்கதானே ஓட்டெடுப்புக்கு முன்னாடி எனக்குக் காட்டினீங்க? நேத்து அதையே எல்லார் முன்னாடியும் சொல்ல வாயெடுத்தீங்க பாருங்க, எனக்கு உசுரே போயிட்டு வந்தது."

டாக்டர் கோட்டுப் பையிலிருந்த கடிதத்தை எடுத்து நாலாகக் கிழித்தார்.

"இனி நான் என்ன செய்யணும்?"

"ஞாயித்துக்கிழமை தவறாம கடைக்கு வாங்க. எல்லார் முன்னாடியும் என்னை முட்டாள்னு திட்டுங்க. நீங்க திட்டற வரைக்கும்தான் டாக்டர், அவங்க என் உப்பை நம்பி வாங்குவாங்க."