புருவத்துத் தழும்பு

ஹாலிவுட்டை ஒட்டிய பர்பாங்கில் ஆடிஷனுக்குப் போகிற நடிகரின் முகமும் கையிலிருக்கும் படமும் ஒத்திருக்க வேண்டும். இல்லையென்றால் வாசலோடு அனுப்பிவிடுவார்கள். ஸ்டுடியோக்காரி லொரெய்ன் எடுத்த படத்திலோ, முதிய நடிகர் டெஸ்மண்ட் ப்ரூயிட்டின் புருவத்தில் அவருக்கு இல்லாத தழும்பு ஒன்று இருந்தது.

"அழிச்சிடட்டுமா, சார்?"

"எங்க குடும்பத்துல மூணு தலைமுறையா யாரும் முகத்தைத் திருத்தினதில்லம்மா. அப்படியே பிரிண்ட் போடு."

அடுத்த வாரம் அவர் படிக்கட்டில் விழுந்ததில் அதே இடத்தில் புருவம் கிழிந்தது. காயம் ஆறியதும், அந்தப் படத்தோடு போய் வேஷத்தை வாங்கிவந்தார்.

மறுவருடம் லொரெய்ன் புதுப் படம் எடுத்தாள். அவர் உட்கார்ந்திருந்த நாற்காலி தெளிவாக விழுந்திருந்தது. அதில் அவர் இல்லை.

அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு நெடுநேரம் பார்த்தார்.

"வெளிச்சம் நல்லா வந்திருக்கு," என்று சொல்லி, நிமிர்ந்து உட்கார்ந்து, கீழே அழகாகக் கையெழுத்துப் போட்டார்.