இன்னும் ஒரு தையல்

மலையுச்சி சுகாதார நிலையத்தில், கரடி கிழித்த ஒரு பெண்ணின் கழுத்தை செவிலி பூங்கோதை தைத்துக்கொண்டிருந்தாள். ஊசி கொஞ்சம் விலகினாலும் உயிர் போய்விடும். அப்போதுதான் மலை அடியோடு பெயர்ந்து பறந்தது. சன்னலுக்கு வெளியே மேகங்கள் ஓடின. செல்போன் கோபுரம் காற்றில் வளைந்தது. மேசைமேல் டம்ளரில் இருந்த தண்ணீர் மட்டும் தளும்பவில்லை.

பறப்பது நின்றதும் எட்டிப் பார்த்தாள். கீழே போர்க்களம். அண்ணன் மடியில் தம்பிக்கு மூச்சு அடங்கிக்கொண்டிருந்தது. மூலிகைக்காக ஒரு சேனையே அண்ணாந்து நின்றது.

சன்னலை நிறைத்துக்கொண்டு ஒரு வானர முகம் வந்தது.

"இறக்கி வைக்கட்டுமா, தாயி?"

"இன்னும் ஒரு தையல் இருக்குப்பா."

கீழே ஒருமுறை பார்த்தான். பிறகு, மலையை ஏந்திய கை அசையாதிருக்க, தன் மூச்சைப் பிடித்துக்கொண்டான்.